நிறம் தூக்கும் கை

நீங்கள் எல்லாரும் என்னைவிடக் கெட்டிக்காரர்கள். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் ஒரு நாள் முழுக்கக் குந்தியிருந்து செய்த வேலையை நீங்கள் ஒரு பிளேன்டீ குடித்து முடிப்பதற்குள் செய்துவிடுகிறீர்கள். ஆகவே கணினியில் எந்தப் பொத்தானை எப்போது அழுத்துவது என்று சொல்லித்தர நான் வரவில்லை. கொட்டாஞ்சேனை அச்சகத்தில் நிறப் பிரிவுக்குப் பொறுப்பாக இருந்துவிட்டு, இப்போது வீட்டில் மீன் வெட்டிக்கொண்டிருக்கிற என்னிடம், “புதுசா வந்த புள்ளைகளுக்கு ரெண்டு பக்கம் எழுதித் தாங்க ஸ்டெல்லா” என்று முதலாளி கேட்டார். இரண்டு பக்கத்தில் அடங்கினால் அதிசயம். என் வாயைப் பற்றி உங்களுக்கு யாராவது ஏற்கெனவே சொல்லியிருப்பார்கள்.

வந்த முதல் வாரத்திலேயே ஒரு சொல்லைக் கற்றிருப்பீர்கள். “தூக்கு.” கல்யாண ஆல்பம் வந்தால் பெண்ணின் முகத்தைத் தூக்கு. தேவாலயத்தில் முதல் நன்மை எடுத்த பிள்ளையின் படம் வந்தால் தூக்கு. பெரியபிள்ளையானவளின் சாமத்தியவீட்டுப் படமா, இன்னும் கொஞ்சம் தூக்கு. தூக்குவது என்றால் வெளுப்பாக்குவது. ஆனால் வெளுப்பாக்கு என்று யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, அது மரியாதையில்லை அல்லவா. செத்தவர்களையும் நாங்கள் விட்டதில்லை. மரண அறிவித்தலுக்கு வந்த படத்தை ஒரு பிடி தூக்கிக் கொடுத்தால், “அப்பா நல்ல வடிவா இருக்கிறார்” என்று அழுகைக்கு நடுவிலும் பாராட்டிவிட்டுப் போவார்கள்.

எங்கள் கடையில் இந்த வேலையில் மன்னன் ஜூட். உங்களுக்குப் பக்கத்து மேசையில் இருக்கிறானே, காதுக்குள் பஞ்சு மாதிரி எதையோ செருகிக்கொண்டு பாட்டுக் கேட்கிற அவன்தான். அவனுடைய கண்ணுக்கு நான் இன்றும் தலைவணங்குவேன். கதை அவனைப் பற்றியதுதான். அவனிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன், ஆகவே ஓடிப்போய் அவனைக் கிண்டல் பண்ணவேண்டாம்.

நான் ஓய்வுபெறுவதற்குக் கொஞ்சக் காலம் முன்பு ஆரணி என்றொரு பெண் எங்களிடம் வந்தாள். வெள்ளவத்தைக்காரி, ஓவியக்காரி. புத்தகம் அச்சடிக்க வேண்டும் என்றாள். நாவலா, கவிதையா என்று கேட்டேன். இரண்டும் இல்லையாம். அவள் செய்வது புத்தகத்தையே ஒரு ஓவியம்போலச் செய்கிற வேலை. தாள், வெட்டு, மடிப்பு, தையல் எல்லாம் சேர்ந்துதான் அவள் சொல்லவந்ததைச் சொல்லும். ஒவ்வொன்றிலும் சில பிரதிகள்தான். முந்திய புத்தகத்தைக் காட்டினாள். நாங்கள் எங்கள் ஊர்ப் பூ என்று கொண்டாடுகிறவற்றில் எத்தனை கப்பலில் வந்தவை என்று அதில் வரைந்திருந்தாள். பக்கத்தை விரித்தால் இதழ் விரிகிறது, இதழுக்குள் அது வந்த துறைமுகம் இருக்கிறது. நான் வீட்டு வாசலில் வைத்திருந்த செடியும் வந்தேறி என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

இரண்டாவது புத்தகத்துக்கு அவள் வைத்த பெயர் “மற்ற ஆக்கள்”.

“அந்தக் காலத்தில வெளியில இருந்து வந்தவை எங்கட ஆக்களை வரிசையா நிக்க வைச்சு, தலையையும் மூக்கையும் அளந்து, பக்கத்தில ஸ்கேல் பிடிச்சுப் படம் எடுத்தவை அக்கா. விஞ்ஞானம் எண்டு சொல்லித்தான் செய்தவை. படத்தில ஆளின்ர பேர் இருக்காது. அளவு மட்டும்தான் இருக்கும்.”

“நீரும் ஸ்கேல் வைச்சுத்தானே எடுக்கப்போறீர்?”

“ஓம். ஆனா இதில வாசிக்கிறவரும் அளவுக்கு நிக்கவேணும்.”

அது எப்படியென்றால், இடப்பக்கத்தில் ஒருவருடைய முழங்கை முதல் விரல் வரை, உண்மையான அளவில், அச்சாகியிருக்கும். பக்கத்தில் ஒரு அளவுகோலும் நிறக் கட்டங்கள் போட்ட ஒரு அட்டையும். பெயர் இல்லை, இனம் இல்லை, சமயம் இல்லை. வலப்பக்கத் தாளில் கை அளவுக்கு ஒரு யன்னல் வெட்டியிருக்கும். தாளை உயர்த்தி உங்கள் கையை அடியில் நீட்டினால், உங்கள் கை அந்தக் கைக்குப் பக்கத்தில் வந்து கிடக்கும். அடுத்த பக்கத்தைத் திருப்ப வேறு கை. யாருக்கு யார் மற்ற ஆள் என்று நீங்களே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். நடுநடுவே நுண்ணோக்கியில் தெரிகிற தோலின் படங்கள். நிறத்தைத் தருகிற உயிர்க்கலங்கள் கறுத்தவருக்கும் சிவந்தவருக்கும் கிட்டத்தட்ட ஒரே எண்ணிக்கைதானாம், வேலை செய்கிற வேகத்தில்தான் வித்தியாசமாம். இன்னொரு பக்கத்தில், கை கொடுத்தவர்கள் தாங்கள் வாங்கிய பட்டப்பெயர்களைச் சொல்ல, அவற்றை மையே இல்லாமல் தாளில் அழுத்தியிருந்தாள். கண்ணுக்குத் தெரியாது, விரலால் தடவினால் கறுப்பி, வந்தேறி, தோட்டத்து ஆள் என்று தட்டுப்படும்.

ஆரணிக்குக் கொட்டாஞ்சேனையில் ஒருவரையும் தெரியாது. எனக்குத் தெரியாத ஒருவர் கொட்டாஞ்சேனையில் இல்லை. ஆகவே ஆள் பிடிக்கும் வேலை என் தலையில் விழுந்தது. துறைமுகத்தில் வேலை செய்கிறவர், பலசரக்குக் கடைக்காரர், கோயில் ஐயர், எங்கள் பங்குத் தேவாலயத்தில் பாடல்குழுப் பெண்கள் என்று பிடித்துக் கொடுத்தேன். கடைசியில் “உங்கட கையையும் தாங்கோவன் அக்கா” என்றாள். கொடுத்தேன். லமினேட்டிங் மெஷின் சுட்ட தழும்போடு என் கையும் படமானது.

எல்லாரும் சிரித்துக்கொண்டு வந்தார்கள். மாட்டேன் என்றவள் ஒருத்திதான். ஜிந்துப்பிட்டியில் இடியப்பம் அவித்துக் கடைகளுக்குக் கொடுக்கிற சாந்தி.

“வேணாங்க்கா” என்றாள். “நீங்க எடுக்கிற போட்டோவுல நான் இருக்க மாட்டேன். வேற யாராவதுதான் இருப்பா.”

விஷயம் இதுதான். அவளுடைய கல்யாண ஆல்பம் எங்கள் அச்சகத்தில் அடித்தது. வழக்கம்போல நன்றாகத் தூக்கித்தான் கொடுத்திருக்கிறோம். சாந்தி நல்ல கறுப்பு, அதில் ஒரு மினுக்கம் இருக்கும். ஆல்பத்தில் இருந்ததோ பால் ஊற்றிய தேத்தண்ணி. வருஷங்கள் கழித்து மகள் திவ்யா பள்ளிக்கூடத்துக்கு அந்தப் படத்தைக் கொண்டுபோயிருக்கிறாள். இது உங்கம்மா இல்லை என்று வகுப்பே சொல்லியிருக்கிறது. பிள்ளை வீட்டுக்கு வந்து அம்மாவிடம் கேட்டதாம், “அப்பா முதல்ல வேற யாரையாச்சும் கட்டியிருந்தாரா?” என்று.

சாந்தி இதைச் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நானும் சிரித்தேன். பிறகு, “ஆல்பத்தை எடுத்து அலுமாரிக்கு மேல போட்டுட்டேங்க்கா, அவ பாக்க வேணாம்னு” என்றபோது எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது.

“சாந்தி, இந்தப் புத்தகத்தில உன்ர நிறத்தில ஒருத்தரும் கை வைக்கமாட்டினம். அது என்ர பொறுப்பு” என்றேன்.

அவள் என் முகத்தை நன்றாகப் பார்த்தாள். “நீங்க சொல்றீங்கன்னா வர்றேன். கண்காட்சிக்குத் திவ்யாவையும் கூட்டிட்டு வருவேன். அம்மா யாருன்னு அவ பாக்கட்டும்.”

அப்படி ஒரு வாக்கைக் கொடுத்துவிட்டேன். தொழிலில் வாக்குக் கொடுப்பதற்கு முன் உங்களுக்குப் பக்கத்தில் யார் வேலை செய்கிறார்கள் என்று ஒரு தடவை யோசியுங்கள்.

ஆரணி வெளிநாட்டிலிருந்து எடுப்பித்த பஞ்சுத்தாள் ஒருகொடவத்தைச் சுங்கக் களஞ்சியத்தில் மாட்டிக்கொண்டு, வருமோ வராதோ என்று இழுத்தடித்து, கண்காட்சி வெள்ளிக்கிழமை என்கிற நிலையில் செவ்வாய்க்கிழமை பின்னேரம் வந்து சேர்ந்தது. கணக்காக வந்த தாள். பழுதானால் மாற்றுக்கு ஒன்றுகூட இல்லை. மாதிரிப் பிரதியை முதலிலேயே சாதாரணத் தாளில் அடித்து ஆரணியும் நானும் பார்த்துச் சரி சொல்லியிருந்தோம். மிச்சம் அடிக்கவேண்டியதுதான். புதன்கிழமை காலையில் எனக்கு ஒரு செத்தவீடு. அடியுங்கள் என்று சொல்லிவிட்டுப் போனேன்.

திரும்பி வந்தபோது எல்லாம் முடிந்து, தாள்கள் அழகாக அடுக்கியிருந்தன. ஜூட் மற்ற வேலைகளை முடித்துவிட்டு இடியப்பமும் சொதியும் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். நான் நிறக் கட்டங்களைப் பார்த்தேன். சிவப்பு சிவப்பாக, சாம்பல் சாம்பலாக, அச்சொட்டாக இருந்தன. நல்ல வேலை என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டு என் கையைத் தேடினேன். யாராயிருந்தாலும் தேடுவார்கள்தானே.

என் கை இல்லை. அடுக்கை முழுக்கப் புரட்டினேன். மறுபடியும் தொடக்கத்திலிருந்து வந்தேன். அப்போதுதான் மணிக்கட்டுக்குப் பக்கத்தில் அந்தச் சூட்டுத்தழும்பு கண்ணில் பட்டது.

இதைக் கவனமாக வாசியுங்கள் பிள்ளைகளே, இதற்காகத்தான் இவ்வளவு தூரம் அலட்டினேன். எனக்கு முதலில் வந்தது சந்தோசம். அட, என் கை எவ்வளவு வடிவாக இருக்கிறது என்றுதான் நினைத்தேன். தாளைச் சற்றுத் தள்ளிப் பிடித்துப் பார்த்தேன். வளையல் போட்டால் எப்படி இருக்கும் என்றுகூட ஒரு யோசனை ஓடியது. அதற்குப் பிறகுதான் சாந்தி ஞாபகத்துக்கு வந்தாள்.

“ஜூட், தோலில கை வைச்சனியா?”

“இல்லை அக்கா, நான் ஒண்டும் செய்யேல்லை.” சொல்லிவிட்டுத் திரையைப் பார்த்தான். அவனுடைய முகம் மாறியது. “வழமையாச் செய்யிறதைத்தான் செய்தனான்.”

அவன் பொய் சொல்லவில்லை. தாள் வந்த அவசரத்தில் கோப்புகளைக் கடைசியாக ஒருதரம் திறந்து, பாட்டைக் கேட்டுக்கொண்டே, வருஷக்கணக்காகச் செய்ததைச் செய்திருக்கிறான். தோலை மட்டும் பிரித்தெடுத்துத் தூக்கியிருக்கிறான். அட்டைக் கட்டங்களில் அவனுடைய கை படவேயில்லை. அதனால்தான் அவை அச்சொட்டாக இருந்தன. எல்லாருக்கும் ஒரே அளவா என்று கேட்டேன்.

“இல்லை அக்கா. கறுப்பான ஆக்களுக்குக் கூட. சிவந்த ஆக்களுக்குக் கொஞ்சம்.”

ஆக, அடுக்கில் இருந்த எல்லாக் கைகளும் கிட்டத்தட்ட ஒரே நிறத்துக்கு வந்துவிட்டிருந்தன. ஐயர் கையையும் கடைக்காரர் கையையும் தழும்பு, மயிர், மோதிரத்தை வைத்துத்தான் பிரித்தறியலாம். வலப்பக்க யன்னல்கள் மட்டும் காலியாகப் பார்த்துக்கொண்டிருந்தன.

முதலாளி ஹாஜியார் வந்தார். நல்ல மனிதர். கையில் ஒரு தாளை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“ஸ்டெல்லா, வெள்ளையா இருந்தா கோவிக்கிற ஆள நான் இன்னம் காணல்ல.”

“இதில ஒரு ஆள் இருக்கிறா ஹாஜியார்.”

“அவ கண்டுபிடிப்பாவா?”

“அவவுக்கு இது புதுசில்லை. எங்கட கடையிலதான் முந்தியும் நடந்தது.”

அவர் தாடியைத் தடவினார். “சரி. முதல்ல திருத்தப் பாருங்க. திருத்தேலாட்டி அந்தப் புள்ளைக்கு சொல்லுவம். எனத்துக்கு இப்பவே பயங்காட்டோணும்?”

அந்த இடத்தில்தான் நின்று யோசிக்கவேண்டியிருந்தது. அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. தெரியாமலே சரிசெய்துவிட்டால் எல்லாருக்கும் நிம்மதி. ஆனால் பிழைத்தால், நேரமும் போயிருக்கும், நாங்கள் மறைத்ததும் தெரியவரும். வேலை பிழைத்ததை வாடிக்கையாளர் மன்னிப்பார். அவருக்குத் தெரியாமல் நாங்கள் தனியே முடிவெடுத்ததை மன்னிக்கமாட்டார். நான் ஹாஜியாருக்கு முன்னாலேயே ஆரணிக்கு ஃபோன் எடுத்தேன். நடந்ததை நடந்த மாதிரியே சொன்னேன். “வாறன்” என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டாள்.

வெள்ளவத்தையிலிருந்து காலி வீதி நெரிசலில் அவள் வந்து சேருவதற்குள் நாங்கள் சும்மா இருக்கவில்லை. உங்களுக்கே தெரியும், தாளில் விழுந்த மையை எடுக்க முடியாது. ஆனால் போடலாம். வெளுத்ததைக் கறுப்பாக்கலாம், கறுத்ததை வெளுப்பாக்கத்தான் முடியாது. ஜூட் தான் தூக்கிய அளவை மட்டும் தனியே பிரித்தெடுத்து, அதே தாளுக்கு மேல் இரண்டாந்தரம் அடிக்கலாம் என்றான். பயம் என்னவென்றால், ஒரு தரம் மை குடித்த தாள் கடற்காற்றில் சற்று உப்பியிருக்கும், இரண்டாவது அடி சரியாக உட்காராது. ஒரு தாளைப் பலி கொடுத்துத்தான் பார்க்கவேண்டும்.

“யாற்ற கையில பாப்பம் அக்கா?” என்றான் ஜூட்.

“என்ரயில பார்.”

என் கை மறுபடியும் மெஷினுக்குள் போனது. வெளியே வந்தபோது என் நிறம் திரும்பியிருந்தது, அப்படியே. ஓரத்தில் மட்டும் ஒரு மயிரிழை அகலத்துக்குப் பழைய வெளுப்பு கோடாகத் தெரிந்தது. ஜூட் உடனே அடுத்த தாளுக்கு அளவை மாற்றத் தொடங்கினான். ஓரத்தைச் சரிக்கட்டும் வழி அவனுக்குத் தெரிந்துவிட்டிருந்தது.

ஆரணி வந்தாள். கத்துவாள் என்று நினைத்தேன். அவளோ தூக்கிய தாள்களை மேசையில் பரப்பி வைத்துச் சுற்றிச் சுற்றி வந்தாள். ஜூட் எழும்பி நின்றே இருந்தான். கறுப்பானவர்களுக்குக் கூட, சிவந்தவர்களுக்குக் கொஞ்சம் என்று அவனே அவளிடம் சொன்னான். அதைக் கேட்டதும் அவளுடைய கண் வேறு மாதிரி ஆனது.

“அக்கா, இப்பிடியே விடுவம்.”

“என்ன?”

“யோசிச்சுப் பாருங்கோ. நான் மாசக்கணக்காத் தேடினது இதைத்தான். அண்டைக்கு அளந்தவைக்குக் கருவி வேணுமா இருந்தது. எங்களுக்கு அது தேவையில்லை, எங்கட கையே தன்பாட்டுக்குச் செய்யுது. வாசிக்கிறவை யன்னலுக்கால கையை நீட்டேக்க ஒருத்தற்ற கையும் இதோட பொருந்தாது. எல்லாரும் மற்ற ஆக்கள். இதைவிட என்ன வேணும்?”

எனக்குப் புல்லரித்தது. அவள் சொன்னது அவ்வளவும் சரி. ஹாஜியாருக்கும் சந்தோசம், வேலை மிச்சம். ஜூட்டுக்கு உயிர் வந்தது, பிழை கலையாகிவிட்டது. அந்த அறையில் எல்லாருக்கும் வசதியான முடிவு அதுதான். அப்படி எல்லாருக்கும் ஒரேயடியாக வசதியாகிற முடிவு வரும்போது, அந்த அறையில் இல்லாத ஆள் யார் என்று பாருங்கள். எனக்கு அன்றைக்குப் பார்க்கத் தோன்றியது என் அதிர்ஷ்டம்.

“சாந்தி வெள்ளிக்கிழமை மகளையும் கூட்டிக்கொண்டு வாறா” என்றேன். “அவவுக்கு என்ன சொல்லப்போறீர்?”

“விளங்கப்படுத்தலாம் அக்கா.”

“ஓம், விளங்கப்படுத்தலாம். அண்டைக்கு அளந்தவையும் விளங்கப்படுத்தித்தான் இருப்பினம்.”

சொன்ன பிறகு, கொஞ்சம் கூடிப்போய்விட்டது என்று எனக்கே பட்டது. ஆரணியின் முகம் சிவந்துவிட்டது. பையைத் தூக்கித் தோளில் போட்டாள். போகப்போகிறாள் என்று நினைத்தேன். வாசல்வரை போய்விட்டுத் திரும்பினாள்.

“சரி. அவவையே கேப்பம்.”

சாந்தியின் தாளையும் என் தாளையும் அட்டைகளுக்கு நடுவில் வைத்துக்கொண்டு ஒரு த்ரீவீலில் ஏறினோம். ஜிந்துப்பிட்டி ஒழுங்கைக் குழிகளில் தாள் கசங்காமலிருக்க, “மல்லி, ஹெமின், ஹெமின்” என்று நான் வழிமுழுக்கச் சாரதியிடம் சிங்களத்தில் மெல்லப் போகச்சொல்லிக் கெஞ்சிக்கொண்டே போனேன். சாந்தி இடியப்பத் தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தாள். கையைச் சேலைத்தலைப்பில் நன்றாகத் துடைத்துவிட்டுத் தாளை வாங்கிப் பார்த்தாள்.

“இவளை எனக்குத் தெரியுமே” என்றாள். “எங்க வீட்டு அலுமாரிக்கு மேல இருக்கா.”

நான் வாயைத் திறக்கவில்லை. என் வாழ்க்கையில் அது அபூர்வம். ஆரணிதான் நிலத்தில் குந்தி, தான் நினைத்ததை ஒளிக்காமல் சொன்னாள். பிழை எப்படி நடந்தது, அதை ஏன் அப்படியே விடலாம் என்று யோசித்தாள், பார்க்கிறவர்களுக்கு அது என்ன சொல்லும் என்று எல்லாம். சாந்தி ஒரு இடத்திலும் குறுக்கே பேசவில்லை. கடைசியில் தலையாட்டினாள்.

“நல்லாத்தாங்க இருக்கு மிஸ், நீங்க சொல்றது. ஊர்ல அப்படித்தானே நடக்குது. ஆனா அதைக் காட்டுறதுக்கு உங்க கையை வெச்சுக்கலாமே?”

ஆரணி தன் கையைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். இத்தனை பேரைப் படம் எடுத்தவளுடைய கை அந்தப் புத்தகத்தில் இல்லை. அளவுகோலைப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கத்தில் நின்றவள் அல்லவா. அது எனக்கும் தோன்றியிருக்கவில்லை, அவளுக்கும் தோன்றியிருக்கவில்லை.

“எனக்கு விளங்குது” என்றாள் ஆரணி, மெல்ல. பிறகு சிரித்துவிட்டாள். “உங்கட கை உங்கட நிறத்தில வரும் சாந்தி. நான் சொல்லுறன்.”

“ஸ்டெல்லாக்காவும் இப்படித்தான் சொன்னாங்க” என்றாள் சாந்தி. என் காது சுட்டது.

அடுத்த நாள் முழுக்க மெஷின் நிற்கவில்லை. ஜூட் காதிலிருந்து பாட்டைக் கழற்றி மேசை லாச்சிக்குள் போட்டுவிட்டு, ஒவ்வொரு கையாக, மூலப் படத்தையும் தாளையும் மாறி மாறிப் பார்த்து அடித்தான். ஆரணியின் கையையும் படமெடுத்தோம். அதற்குத் தாள் வேண்டுமே. தன் பெயரையும் விபரத்தையும் போடவென்று ஒதுக்கிவைத்திருந்த தாளைத் தந்தாள். “என்ர பேர் இல்லாட்டிப் பரவாயில்லை, மற்றவைக்கும் பேர் இல்லைத்தானே” என்றாள். அந்தக் கையை மட்டும் தூக்கச் சொன்னாள், நன்றாக, கல்யாணப் பெண்ணுக்குத் தூக்குகிற மாதிரி. ஜூட்டுக்கு அன்றைக்குக் கை வரவில்லை. நான் பக்கத்தில் நின்று, தூக்கடா தூக்கடா என்று சொல்லவேண்டியிருந்தது.

வெள்ளிக்கிழமை பின்னேரம், கொட்டாஞ்சேனையில் ஒரு பழைய மண்டபத்தில் நீளமான மேசைகளில் புத்தகங்களை வைத்திருந்தோம். கை கொடுத்தவர்கள் எல்லாரும் நல்ல உடுப்புப் போட்டுக்கொண்டு வந்திருந்தார்கள். ஐயரும் கடைக்காரரும் ஒரு புத்தகத்துக்கு இரண்டு பக்கமும் நின்று கையை நீட்டி, நீங்கள் கறுப்பா நான் கறுப்பா என்று சின்னப் பிள்ளைகள்போல வாதாடிக்கொண்டிருந்தார்கள். எனக்கு அவற்றில் ஒன்றும் மனம் போகவில்லை. வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

சாந்தி வந்தாள், திவ்யாவோடு. அம்மாவின் கை எந்தப் பக்கம் என்று பிள்ளைக்கு ஒருவரும் சொல்லவில்லை. அவள் முதல் பக்கத்திலிருந்து ஒவ்வொன்றாகத் திருப்பினாள். என் பக்கம் வந்தது. முதல் பிரதி அது, வெளுத்த ஓரக்கோடு தெரிந்தது. “இந்தக் கைக்கு ஏன் கோடு?” என்று கேட்டாள். பிறகு சொல்கிறேன் என்றேன். அடுத்தது, அதற்கடுத்தது.

“இந்தா எங்கம்மா” என்றாள் பிள்ளை.

நிறுத்தி யோசிக்கவில்லை, அளவுகோலைப் பார்க்கவில்லை, திரும்பி அம்மாவின் முகத்தைப் பார்க்கவும் இல்லை. சாந்தி வலப்பக்கத் தாளை உயர்த்திக் கையை நீட்டினாள். இரண்டு கைகளும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்தன. எனக்குப் பின்னால் ஜூட் மூக்கை உறிஞ்சுவது கேட்டது. நான் திரும்பிப் பார்க்கவில்லை, ஏனென்றால் என்னுடைய கண்ணும் அப்படித்தான் இருந்தது.

இத்துடன் முடித்திருக்கலாம். ஆனால் அடுத்த கிழமை சாந்தி அச்சகத்துக்கு வந்தாள், கையில் ஒரு துணிப்பையோடு. பைக்குள் அந்தக் கல்யாண ஆல்பம், அலுமாரித் தூசியோடு.

“இதையும் பழைய மாதிரி ஆக்க முடியுமாங்க்கா?”

ஹாஜியார் ஒன்றையும் எறியாத மனிதர் என்பது உங்களுக்குத் தெரியும். பழைய கோப்புகள் எல்லாம் ஒரு பெட்டியில் இருந்தன. ஜூட் தேடி எடுத்துத் திறந்தான். மாலையும் கழுத்துமாக, நல்ல கறுப்பாக, பல் தெரியச் சிரித்துக்கொண்டு திரையில் வந்தாள் சாந்தி. பக்கத்தில் மாப்பிள்ளை. ஜூட்டின் கை தானாக விசைப்பலகையை நோக்கிப் போனது. போன கையை இழுத்துத் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டான். பிறகு ஆல்பத்தையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தான்.

“அக்கா, மாப்பிள்ளையையும் அண்டைக்குத் தூக்கித்தான் இருக்கு. அவரையும் இறக்கவோ?”

“அதை அவரைத்தானே கேக்கணும்” என்றாள் சாந்தி.

அங்கேயே ஃபோனை எடுத்தாள். புருஷன் துறைமுகத்தில் வேலையில் இருந்தார். பின்னால் பாரந்தூக்கி இரைகிறது, ஒன்றும் கேட்கவில்லை. ஸ்பீக்கரில் போட்டு, “ஏங்க, நம்ம கல்யாணப் போட்டோவுல உங்களைத் திரும்பக் கறுப்பாக்கவான்னு கேக்குறாங்க” என்று கத்தினாள். முழுக் கடையும் வேலையை நிறுத்திவிட்டுக் காத்துக்கொண்டிருந்தது.

“நான் என்னைக்குடி வெள்ளையா இருந்தேன்?” என்றது ஃபோன்.